சுட்ட ஜிலேபி மீனும் மாங்காய்ச் சாதமும்: மூன்று கோடை உழைத்த கம்பி வலை பற்றி

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை கிழக்குக் கடற்கரையில் மீன்பிடித் தடைக்காலம். அந்த 61 நாளும் கோவை, ஈரோடு பக்கம் கடல் மீன் வரத்து சுருங்கும், விலை ஏறும். அதே நாட்களில்தான் சந்தையில் மாங்காய் குவியும். அதனால் கொங்குப் பக்கம் கோடையில் மீன் சுடுவதென்றால் மேட்டூர், பவானிசாகர் அணை மீன்தான் வசதி, தொட்டுக்கொள்ளச் சாதம் மாங்காயில். இதற்கென்றே வாங்கி மூன்று கோடை ஓட்டிய கம்பி வலையும் தேங்காய்த் தொட்டிக் கரியும் (கொட்டாங்குச்சிக் கரி) எப்படி உழைத்தன என்பதோடு செய்முறையையும் சேர்த்தே சொல்லிவிடலாம். வலை சரியில்லை என்றால் மசாலாவைக் குறை சொல்லிப் பயனில்லை.

வாங்க வேண்டியது, மீனை நடுவில் வைத்து இரண்டு பக்கமும் மூடிக் கொக்கி மாட்டும் வலை. மலிவாகக் கிடைப்பதில் பல, துத்தநாக முலாம் பூசிய கம்பி. வேலிக்கு அது போதும், மீனுக்கு ஆகாது. துத்தநாகம் 420 டிகிரி வாக்கில் உருகும், விசிறிவிட்ட கரி அதைவிடச் சூடேறும். எவர்சில்வர் கம்பி கொஞ்சம் விலை கூட, ஆனால் மூன்று கோடைக்குப் பிறகும் கருத்ததோடு சரி, வளையவில்லை. கெட்டுப்போனது கீல் மட்டும். இரண்டாம் வருடமே ஆட ஆரம்பித்தது, கட்டுக்கம்பி சுற்றியதில் நின்றுவிட்டது. மரக் கைப்பிடியும் சூட்டில் தளரும், முழுக்கக் கம்பியாலான பிடி நல்லது, துணி சுற்றிப் பிடித்துக்கொள்ளலாம். கம்பிகளுக்கு நடுவே ஒரு விரல் அகலத்துக்கு மேல் இடைவெளி இருந்தால் மீனின் வால் தொங்கி முறியும்.

கரிக்கு இங்கே அலைய வேண்டியதில்லை. காங்கேயம் பக்கம் கிடைக்கும் தேங்காய்த் தொட்டிக் கரிக்குப் புகை குறைவு, சூடு அதிகம். முழுக்க வெந்த கரியைத் தட்டினால் கணீரென்று கேட்கும், உடைத்தால் பளபளக்கும். பழுப்பு நிறம் தெரிந்தால் அரைவேக்காடு, அது பொறி கக்கி மீனுக்குப் புகை நாற்றம் ஏற்றிவிடும். மழைக்காலத்தில் டப்பாவில் மூடி வைக்காத கரி ஈரம் குடித்து வெடிக்கிறது. ஒரு கிலோ கரி, அரைக் கிலோ மீன் இரண்டுக்குத் தாராளம். பற்றவைத்து 20, 25 நிமிடம் பொறுத்து, மேலே சாம்பல் பூத்த பிறகே வலை ஏற வேண்டும். வலைக்கும் கரிக்கும் ஒரு சாண் இடைவெளிக்குச் சற்றுக் குறைவாக இருக்கட்டும். வலை உயரத்தில் உள்ளங்கையைக் காட்டினால் நாலைந்து நொடி தாங்க வேண்டும். இரண்டு நொடியில் கை பின்வாங்கினால் மீன் வெளியே கருகும், உள்ளே வேகாது. அடுக்குமாடிக்காரர்கள் சமையலறையிலோ மூடிய பால்கனியிலோ கரி மூட்டவே கூடாது, கார்பன் மோனாக்சைடுக்கு வாசனை கிடையாது. அங்கே இரும்புத் தோசைக்கல்லும் வாழை இலையும்தான் வழி.

மீனுக்கு ஜிலேபி. 1952-ல் இந்தியாவுக்கு வந்து நம் குளங்களை வளைத்துக்கொண்ட ஆப்பிரிக்க இனம் என்று அதன்மேல் ஒரு வழக்கு உண்டு, ஆனால் சுடுவதற்கு முள் தொல்லை குறைவு. கட்லாவில் சதைக்குள் கிளை முள் இருப்பதால் சுட்டுப் பிரித்துத் தின்பது பாடு. 400 முதல் 500 கிராம் உருப்படியே அளவு. வயிற்றுக்குள் ஒட்டிய கருப்புச் சவ்வைச் சுரண்டி எடுக்காவிட்டால் கசக்கும். கல்லுப்பும் மஞ்சளும் தேய்த்துக் கழுவி, நெல்லிக்காய் அளவு புளி கரைத்த தண்ணீரில் 15 நிமிடம் போட்டால் மண் வாடை பெருமளவு போய்விடும். பிறகு துணியால் ஈரம் ஒற்றி, முள்ளைத் தொடும் ஆழத்துக்குப் பக்கத்துக்கு மூன்று கீறல் போடுங்க.

காரத்துக்கு மிளகாய்த்தூள் வேண்டாம் என்பதே மூன்று வருடம் சுட்டதில் எட்டிய முடிவு. காய்ந்த தூள் நேர் நெருப்பில் சட்டென்று கருகிக் கசப்பாகிறது. பள்ளிபாளையம் கோழிக்கு மசாலாத்தூள் இல்லாமல் வர மிளகாயும் சின்ன வெங்காயமும் போதுமாக இருக்கிறதே, அதே வழிதான் இங்கும். ஒரு கிலோ மீனுக்கு, விதை உதறி வெந்நீரில் ஊறவைத்த வர மிளகாய் 12, சின்ன வெங்காயம் 12, பூண்டு 8 பல், மிளகு ஒரு டீஸ்பூன், சீரகம் அரை டீஸ்பூன், மஞ்சள்தூள் அரை டீஸ்பூன், உப்பு இரண்டு டீஸ்பூன். தண்ணீர் விடாமல் கெட்டியாக அரைத்து, அரை மூடி எலுமிச்சைச் சாறும் இரண்டு டேபிள்ஸ்பூன் கடலெண்ணெயும் கலந்து கீறலுக்குள்ளும் பூசுங்க. முக்கால் மணி நேரம் போதும். எலுமிச்சையோடு இரண்டு, மூன்று மணி நேரம் வைத்தால் மேல் சதை வெளுத்து மாவு மாவாகிறது.

வலையைக் காலியாக ஐந்து நிமிடம் சூடாக்கி எண்ணெய் தடவிய பிறகே மீனை வையுங்க. குளிர்ந்த கம்பியில் சதை ஒட்டினால் தோல் கிழியாமல் வராது. முதல் பக்கம் 7, 8 நிமிடம், திருப்பியபின் 6, 7 நிமிடம். நடுவில் திறந்து பார்க்கும் கைதான் தோலைக் கெடுக்கும். எண்ணெய் சொட்டித் தீ எழும்பினால் வலையைத் தூக்கிப் பிடித்துக்கொள்ளுங்க, தண்ணீர் தெளித்தால் சாம்பல் பறந்து மீனில் ஒட்டும். தலைக்குப் பின்னால் கத்தி முனையால் நெம்பினால் சதை வெள்ளையாக, முள்ளை விட்டுக் கழன்று வர வேண்டும். வெப்பமானி இருந்தால் 63 டிகிரி.

பழம் சாதத்தில் மட்டும். மாம்பழக் கூழை மீனில் தடவினால் சர்க்கரை முதலில் கருகிவிடும். பச்சை அன்னாசிச் சாறு இன்னும் மோசம், அதிலுள்ள நொதி சதையைக் குழையவைக்கும்.

கால் கிலோ பொன்னி புழுங்கலரிசியை உதிரியாக வடித்து, தட்டில் பரப்பி ஆறவிடுங்க. கிளிமூக்கு மாங்காயில் செங்காயாக ஒன்று, கால் கிலோவுக்குக் குறையாமல். தோல் பச்சையாக, கொட்டையை ஒட்டி மஞ்சளாக இருந்தால் பதம். பாதியைத் துருவுங்க, பாதியைச் சிறு துண்டாக்குங்க. மூன்று டேபிள்ஸ்பூன் கடலெண்ணெயில் கடுகு, உளுந்து, கடலைப்பருப்பு, ஒரு பிடி நிலக்கடலை, வர மிளகாய் இரண்டு, பெருங்காயம், கறிவேப்பிலை தாளித்து, துருவலையும் மஞ்சளையும் உப்பையும் போட்டு இரண்டே நிமிடம் வதக்கி இறக்குங்க. கூட வதக்கினால் கூழாகும். சாதம், மூன்று டேபிள்ஸ்பூன் தேங்காய்த் துருவல், பச்சைத் துண்டுகள் எல்லாம் கடைசியில். மாங்காய் ரொம்பப் புளித்தால் சுண்டைக்காய் அளவு வெல்லம்.

மாங்காய் முடிந்த பிறகு அன்னாசி. ஒரு சென்டிமீட்டர் துண்டுகளாக்கி, எண்ணெய் இல்லாத சட்டியில் நீர் வற்றும்வரை வதக்கித்தான் சேர்க்க வேண்டும், இல்லாவிட்டால் சாதம் நசநசக்கும்.

இதைக் கிளறி மூடிவிட்டே கரியைப் பற்றவையுங்க. புளிப்பு ஏற அரை மணி நேரம் கிடைத்துவிடும், மீனும் வலையிலிருந்து நேராக இலைக்கு வந்துவிடும்.