தடை வாங்குவதா, சேர்ந்துவிட்டு மனுப் போடுவதா?

நீலகிரிக் கூடலூரில் என்னோடு வேலை பார்த்த அக்காவுக்கு 'நிர்வாக நலன் கருதி' ராமநாதபுரத்துக்கு மாறுதல் ஆணை வந்தது. மகள் பன்னிரண்டாம் வகுப்பு. "மெடிக்கல் லீவு போடுங்க, கோர்ட்ல ஸ்டே வாங்கிடலாம்" என்றார்கள் எல்லோரும். நான் வேண்டாம் என்றேன்.

தடை கேட்டுப் போனால் நீதிமன்றம் பார்ப்பது கொஞ்சம்தான். ஆணையில் உள்நோக்கம் உண்டா, சட்ட விதி மீறப்பட்டதா, அதிகாரமில்லாதவர் போட்டதா? வீட்டுக் கஷ்டம் இதில் வராது. ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வுத் துறையில் தோட்டக் காப்பாளராக இருந்த அப்பாஸை இமயமலைப் பக்கத்துப் பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கும் ஷில்லாங்கிலேயே மத்திய அரசு வேலை, பிள்ளைகள் அங்கேதான் படித்தார்கள். கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கச் சொல்லும் சுற்றறிக்கை வெறும் வழிகாட்டுதல்தான், அதை உரிமையாகக் கேட்க முடியாது என்று 1993இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மலையில் வேலை பார்க்கும் எத்தனையோ குடும்பங்களின் கதை இது. படிக்கும்போது மனசு கனத்தது.

செலவும் அலைச்சலும் வேறு. கொடைக்கானல்காரர் மாநில அரசு ஊழியரென்றால் மலையிறங்கி உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகலாம். 2004 முதல் அந்த வசதி இருக்கிறது. நீலகிரிக்காரருக்குச் சென்னைதான். மத்திய அரசு ஊழியரென்றால் இரண்டு மலைக்காரருமே முதலில் சென்னையிலுள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போகவேண்டும்.

இதைவிட ஆபத்து, தடை வரும் என்று நம்பிச் சேராமல் இருப்பது. சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்ட குஜராத் மின்வாரிய ஊழியர் அப்படித்தான் இருந்தார். வேலையே போனது, 1989இல் உச்ச நீதிமன்றமும் அதைச் சரியென்றது.

அதற்காக நீதிமன்றமே வேண்டாம் என்று சொல்லமாட்டேன். மொட்டைக் கடிதத்தை வைத்துச் சோமேஷ் திவாரி என்ற அரசு அதிகாரியைப் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாற்றிய ஆணையை உச்ச நீதிமன்றமே செல்லாதென்றது. தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தக் கூடாது என்றது. அப்படி ஆதாரம் கையில் இருந்தால் ஒரு நாளும் தாமதிக்காதீர்கள். பணியிலிருந்து விடுவித்த பிறகு தடை கிடைப்பது அரிது. உள்நோக்கம் என்று சொன்னால், அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்கவும் வேண்டும்.

ஆதாரம் இல்லையா? சேர்ந்துவிடுங்கள். சம்பளம் நிற்காது, பணித்தொடர்ச்சி முறியாது. பணியேற்பு அறிக்கையிலேயே 'ஆட்சேபத்துடன் சேர்கிறேன்' என்று ஒரு வரி எழுதுங்கள். காரணங்களைச் சான்றோடு மேலதிகாரிக்கு மனுவாக அனுப்புங்கள். பதில் வராவிட்டால், குறித்த காலத்துக்குள் அந்த மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடும்படி மாநில அரசு ஊழியர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். அது தடையைவிடச் சுலபமாகக் கிடைக்கும். ஆனால் பரிசீலிக்கச் சொல்வார்களே தவிர, திருப்பி அனுப்பச் சொல்லமாட்டார்கள். அதை அக்காவிடம் மறைக்காமல் சொன்னேன்.

அவர் ராமநாதபுரத்தில் சேர்ந்த அன்றே மனுவை அனுப்பினார். ரிட் போட நேர்ந்தால் முதலில் கேட்பது மனு அனுப்பியதற்கான சான்றைத்தான் என்பதால், தபால் ரசீதையும் ஒப்புகையையும் பத்திரமாக வைத்திருக்கிறார்.