நிலத்துக்கு கேஸ் போட்டிருப்பவர்களே, ‘அமானா’ என்ற சொல் உங்கள் தாளில் இருக்கிறதா பாருங்கள்

மலேசியாவில், பேராக் சுங்கை சிப்புட் பக்கம் நிலத்துக்காகக் கோர்ட்டு ஏறியிருப்பவர்கள் இன்றைக்கே லாயர் ஆபீசுக்குப் போன் போடுங்கள். கேஸ் தொடங்கும்போது நம் பக்கத்துக் கோரிக்கையை எழுதிக் கோர்ட்டில் கொடுத்த ஸ்டேட்மென்ட் ஆஃப் கிளெய்ம் நகலை வாங்கி, விஷயம் தெரிந்த ஒருவரிடம் வரி வரியாகத் தமிழில் சொல்லச் சொல்லிக் கேளுங்கள். நகல் என் கையில் ஆரம்பத்திலிருந்தே இருந்தது. படித்தும் பார்த்தேன். புரிந்ததுதான் தப்பு.

எங்கள் ஊர் துன் சம்பந்தன் ஊர். வெள்ளைக்காரன் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றபோது தொழிலாளர் தெருவுக்கு வரக்கூடாது என்று, 1960-ல் ஆளுக்குப் பத்துப் பத்து வெள்ளியாக (நம் நாட்டுப் பணம்) சேர்த்து நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியவர் அவர். அந்தப் பேச்சைக் கேட்டு வளர்ந்த அப்பாவுக்கு, சாவதற்குள் சொந்தமாக மண் வாங்க வேண்டும் என்று ஒரு வெறி. பால் மரம் (ரப்பர்) வெட்டிய காசில் இரண்டு ஏக்கர் வாங்கினார். நிலத்தின் உரிமைப் பத்திரமான கிராண்டை மைலோ டின்னில் சுருட்டி வைத்திருந்தார்.

அவர் போன பிறகு லேண்ட் ஆபீசில் தேடிப் பார்த்தால் நிலம் வேறொருவர் பெயரில் இருந்தது. அப்பாவோடு வேலை செய்தவரின் மகன். நிலத்தைப் பெயர் மாற்றிக் கொடுக்கும் 14A பாரத்தின் நகலை எடுத்தோம். அதில் அப்பா பெயருக்கு எதிரே ஒரு கட்டைவிரல் ரேகை. அப்பா தமிழ்ப் பள்ளியில் படித்தவர், சம்பளப் புத்தகம் வரைக்கும் தமிழில் கையெழுத்துப் போடுவார், கடைசி எழுத்தின் வாலை நீளமாக இழுத்துவிடுவார். போதாததற்கு, பாரத்தில் போட்டிருந்த தேதியில் அவர் ஒரு காலை வெட்டி எடுத்த நிலையில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தார். டிஸ்சார்ஜ் சீட்டு என்னிடம் இருக்கிறது. இதையெல்லாம் முதல் நாளே லாயர் மேசையில் வைத்தேன். “நல்ல கேஸ் தம்பி, இது நிக்கும்” என்றார்.

வாரிசு நிர்வாகப் பத்திரம் வாங்கவே ஒரு வருஷம் ஓடிவிட்டது. அப்புறம்தான் கேஸ் போட்டார். கோர்ட்டுத் தாள் மலாயில் இருந்தது. எனக்கு மலாய் நன்றாகவே வரும். ‘செச்சாரா அமானா’ என்று மூன்று இடத்தில் இருந்தது. அமானா என்றால் நாணயம், நேர்மை என்றுதானே நமக்குத் தெரியும்? அப்பா நாணயஸ்தர் என்று எழுதியிருக்கிறார் போல என்று நினைத்துச் சந்தோஷப்பட்டேன். சட்டத்தில் அதற்கு டிரஸ்ட், அதாவது நம்பி ஒப்படைத்தது, என்று அர்த்தம். ஆக, அப்பாவே நம்பி நிலத்தை மாற்றிக் கொடுத்தார், வாங்கியவன் திருப்பித் தரவில்லை என்பதுதான் எங்கள் வழக்கு! ரேகை பொய் என்று ஒரு வரி இல்லை.

ஏன் இது பெரிய விஷயம்? தேசிய நிலச் சட்டம் 340-ஆம் பிரிவின்படி, போலிப் பத்திரத்தால் பதிவான உரிமையை ரத்து செய்யலாம். பத்திரம் போலியானாலும் நல்ல எண்ணத்தோடு வாங்கியவருக்கே நிலம் என்று நாட்டின் உச்ச நீதிமன்றமான ஃபெடரல் கோர்ட்டு முன்பு சொன்ன அடோர்னா தீர்ப்பை, 2010-ல் டான் யிங் ஹோங் வழக்கில் அதே கோர்ட்டு தவறென்று தள்ளிவிட்டது. நம்மைப் போன்றவர்களுக்குக் கிடைத்த பெரிய பிடி அது. ஆனால் மோசடியோ போலியோ, விவரத்தோடு தாளில் எழுதியிருக்க வேண்டும். எழுதாததைச் சாட்சிக் கூண்டில் நின்று கதறினாலும் செல்லாது.

திருத்த வழியே இல்லாமல் இல்லை. இரு பக்கமும் பதில் கொடுத்து முடிவதற்குள் ஒரு தடவை கோர்ட்டு அனுமதி இல்லாமலே திருத்தலாம். அதற்கப்புறம் அனுமதி கேட்க வேண்டும். எங்கள் லாயர், விசாரணைக்கு முன் கேஸைத் தயார் பண்ணக் கோர்ட்டு கூப்பிடும் கேஸ் மேனேஜ்மென்டுக்கு நான்கு முறை போய் வந்தார். நான் கேட்கும்போதெல்லாம் “அதெல்லாம் டிரயல்ல பாத்துக்கலாம்”. விசாரணைத் தேதி குறித்து, பதினாறு நாள் இருக்கும்போது போன் வந்தது: “ஒரு சின்ன அமெண்ட்மென்ட் பண்ணணும், மூவாயிரம் வெள்ளி ஆகும்.” அவர் செய்த தப்பைத் திருத்த நான் காசு கொடுத்தேன். இன்றைக்கும் அதை நினைத்தால் வயிறு எரிகிறது.

திருத்தக் கேட்ட மனு தள்ளுபடி. நீதிபதி மேல் எனக்குக் கோபமில்லை. பழைய யமஹா தீர்ப்பு (1983) கேட்கும் மூன்று கேள்விகளில் ஒன்று, இந்தத் திருத்தம் வழக்கையே வேறு வழக்காக மாற்றிவிடுமா என்பது. ‘அப்பா கொடுத்தார்’ என்பதை ‘அப்பா கொடுக்கவே இல்லை’ என்று மாற்றினால் வேறென்ன? அதற்கு மேல், ஹாங் லியோங் ஃபைனான்ஸ் – லோ தியாம் ஹோ வழக்கில் 2015-ல் ஃபெடரல் கோர்ட்டு கறாராகச் சொல்லிவிட்டது: கேஸ் மேனேஜ்மென்ட் முடிந்து தாமதமாக வந்தால், ஏன் தாமதம் என்று ஏற்கத்தக்க காரணம் காட்ட வேண்டும். எங்கள் அஃபிடவிட்டில் (சத்தியப் பிரமாணத் தாளில்) எழுதியிருந்த காரணம், ‘தற்போதுதான் கவனத்துக்கு வந்தது’. எதிர்த்தரப்பு லாயர் எழுந்து, 14A பாரம் எங்களுடைய சொந்த ஆவணக் கட்டிலேயே முதலிலிருந்து இருப்பதை எடுத்துக் காட்டினார். நான் பின்வரிசையில் அந்த டிஸ்சார்ஜ் சீட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அப்புறம் டிரஸ்ட் கதையோடே விசாரணை நடந்தது. டிரஸ்டுக்குச் சாட்சி ஏது? தோற்றோம். அவர்கள் செலவுக்கும் நாங்களே பணம் கட்டினோம்.

லாயர் மேல் புகார் சொல்ல ஒழுங்கு நடவடிக்கை வாரியம் இருக்கிறது. கொடுத்திருக்கிறேன். அதனால் நிலம் திரும்பாது. அலட்சியத்துக்காக அவர் மேலேயே கேஸ் போடுவதென்றால் ஆறு வருஷக் கெடு, அதையும் எண்ணிக்கொண்டிருக்கிறேன். வேறு லாயரைப் பார்க்க ஃபைலைக் கேட்டேன். பாக்கியைக் கட்டினால்தான் தருவோம் என்றார்கள். கட்டினேன். போட்டோஸ்டாட்டுக்கு மட்டும் 180 வெள்ளி. அந்தக் கட்டில் முதல் தாளே, நான் அன்றைக்குக் கொடுத்த டிஸ்சார்ஜ் சீட்டின் நகல்தான்.