டிஎல்டி மாத்திரையும் வருடத்துக்கு ஒரு வைரல் லோடும்: பழைய ஆளின் மதிப்பீடு

எச்ஐவிக்கான டிஎல்டி மாத்திரைக்கு ஐந்துக்கு நாலரை. ரத்தத்தில் எவ்வளவு வைரஸ் இருக்கிறது என்று எண்ணும் வைரல் லோடு பரிசோதனைக்கு மூன்று, அதுவும் கொஞ்சம் தாராளமாகப் போட்டதுதான்.

எச்ஐவிக்கான கூட்டு மருந்தை ஸ்டாவுடின் காலத்திலிருந்து சாப்பிட்டு வருகிறேன். அதனால் எதைப் பற்றிப் பேசினாலும் அந்தப் பழைய மாத்திரைதான் முதலில் ஞாபகத்துக்கு வரும். அது உயிரைக் காப்பாற்றியது, இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் கன்னம் இரண்டும் ஒட்டிப்போய், பார்க்கிறவர்களெல்லாம் "என்ன, உடம்புக்கு ஏதாவதா?" என்று கேட்க வைத்ததும் அதுதான். உள்ளங்கால் எரிச்சல் இன்னும் முழுசாகப் போகவில்லை. 2009இல் உலக சுகாதார நிறுவனமே அதைக் கைவிடச் சொன்னது. அப்புறம் ஜிடோவுடின் வந்து ரத்தத்தைக் குறைத்தது. அதற்கடுத்து எஃபாவிரென்ஸ். அந்த மருந்தில் வருகிற கனவு இருக்கிறதே! யாரோ துரத்த மாடிப்படி ஏறிக்கொண்டே இருப்பேன், படி மட்டும் முடியவே முடியாது.

இந்த வரிசையில் கடைசியாக வந்ததுதான் டிஎல்டி. டெனோஃபோவிர் 300 மி.கி., லாமிவுடின் 300, டோலுடெக்ராவிர் 50, மூன்றும் ஒரே மாத்திரையில். ஒரு நாளைக்கு ஒன்று, சாப்பாட்டுக்கு முன்னாலும் சரி, பின்னாலும் சரி. ஃப்ரிட்ஜ் வேண்டாம். கனவுத் தொல்லை எனக்கு இல்லை. தூக்கம் கொஞ்சம் கெட்டது, காலையில் போட ஆரம்பித்ததும் அதுவும் சரியாகிவிட்டது. டோலுடெக்ராவிரின் பெரிய பலம், வைரஸ் அதை எதிர்க்கப் பழகிக்கொள்வது கடினம். பழைய மருந்துகளில் சில நாள் விட்டாலே பயமாக இருக்கும். அதற்காக இதை இஷ்டத்துக்கு விடலாம் என்று அர்த்தமில்லை. ஹெபடைட்டிஸ் பி-யும் இருப்பவர்கள் திடீரென்று நிறுத்தினால் கல்லீரல் அழற்சி கிளம்பும், ஏனென்றால் இதில் உள்ள இரண்டு மருந்துகள் அதையும் சேர்த்தே அடக்கி வைத்திருக்கின்றன.

அரை மதிப்பெண் எங்கே போனது? எடையில். என் பேன்ட் எல்லாம் இடுப்பில் இறுகிவிட்டது. இன்னொன்று, கால்சியம், இரும்புச்சத்து மாத்திரை போடுகிறவர்கள் கவனிக்க வேண்டும். சாப்பாட்டோடு என்றால் இரண்டையும் சேர்த்தே போடலாம். வெறும் வயிற்றில் என்றால் டிஎல்டி 2 மணி நேரம் முன்னால், இல்லாவிட்டால் 6 மணி நேரம் கழித்து. அல்சருக்குக் குடிக்கிற அமில முறிவு மருந்துக்குச் சாப்பாட்டுச் சலுகை கிடையாது, இடைவெளி விட்டே ஆக வேண்டும். நீரிழிவுக்கு மெட்ஃபார்மின் எடுப்பவர்களும் டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும், அதன் அளவைக் குறைக்க வேண்டியிருக்கும்.

விலைக்கு வருவோம். 2000 வாக்கில் மூன்று மருந்துச் சிகிச்சைக்கு ஓர் ஆளுக்கு வருடம் 10,000 டாலருக்கு மேல் ஆனது. 2001இல் இந்திய மருந்துக் கம்பெனி சிப்லா 350 டாலருக்குத் தருகிறேன் என்றதும் உலகமே திரும்பிப் பார்த்தது. டிஎல்டி 2017 ஒப்பந்தத்தில் 75 டாலருக்கு வந்தது, 2023இல் 45 டாலருக்கும் கீழே இறங்கியது. இதில் தர்மமும் இல்லை, மாயமும் இல்லை. 2014இலேயே காப்புரிமைக்காரர்கள் அதே மருந்தை மலிவாகச் செய்யும் ஜெனரிக் கம்பெனிகளுக்கு உரிமம் கொடுத்தார்கள். எஃபாவிரென்ஸ் 600 மி.கி. வேண்டிய இடத்தில் டோலுடெக்ராவிர் 50 போதும் என்பதால் மூலப்பொருள் செலவும் குறைந்தது.

மருந்து இவ்வளவு தூரம் வந்துவிட்டது, பரிசோதனைதான் பின்னால் மூச்சிரைக்க ஓடி வருகிறது. லேப் வசதி இல்லை என்பதற்காக மருந்தைத் தள்ளிப்போடக் கூடாது என்பதை உகாண்டாவிலும் ஜிம்பாப்வேயிலும் 3,300 பேருக்கு மேல் வைத்து நடத்திய டார்ட் ஆய்வு காட்டியது. வழக்கமான ரத்தப் பரிசோதனையோடு ஐந்து வருடம் உயிரோடு இருந்தவர்கள் 90 சதவீதம், டாக்டர் பார்த்து மட்டுமே கவனித்தவர்களில் 87. வித்தியாசம் சின்னது. ஆனால் அந்த மூன்று சதவீதத்தில் நான் இருக்க விரும்பவில்லை.

2013 முதல் உலக சுகாதார நிறுவனம் நோய் எதிர்ப்பு அணுக்களை எண்ணும் சிடி4 பரிசோதனையை விட வைரல் லோடைத்தான் முன்னால் வைக்கிறது. ஆரம்பித்து ஆறாம் மாதம், பன்னிரண்டாம் மாதம், பிறகு வருடத்துக்கு ஒன்று. ஒரு மி.லி. ரத்தத்தில் 1,000 வைரஸ் பிரதிகளுக்கு மேல் என்றால் கவுன்சிலிங், அப்புறம் மறுபரிசோதனை. சிக்கல் ரத்தத்தைக் கொண்டுபோவதில் இருக்கிறது. குழாயில் எடுத்தால் 24 மணி நேரத்துக்குள் அணுக்கள் நீங்கிய திரவமான பிளாஸ்மாவைப் பிரிக்க வேண்டும். உலர் ரத்தப் பொட்டு அட்டையில் அந்த அவசரம் இல்லை. விரலில் குத்தி வட்டங்களில் சொட்டு விட்டு, காயவைத்து, ஈரம் உறிஞ்சும் பொட்டலத்தோடு உறைக்குள் போட்டால் தபாலிலேயே போகும். துல்லியம் கொஞ்சம் குறைவு. ரத்த அணுக்களுக்குள் ஒளிந்திருப்பதையும் சேர்த்து எண்ணுவதால் சில நேரம் கூடுதலாகக் காட்டும். 1,000-க்கு மேலா கீழா என்று தெரிந்துகொள்ளப் போதும்.

என் புகார் அட்டை மேல் இல்லை, ரிப்போர்ட் மேல். ஒருமுறை அடுத்த மாத்திரை டப்பா வாங்கப் போனபோதும் முந்தைய முடிவு வரவில்லை. இன்னொரு முறை "மாதிரி போதவில்லை" என்று ஒரே வரி, அதையும் நானாகக் கேட்டபிறகுதான் சொன்னார்கள். மூன்று மாதம் கழித்து வருகிற எண் பழைய செய்தி. காசநோய்க்கு வைத்திருக்கிற ஜீன்எக்ஸ்பர்ட் இயந்திரத்திலேயே வைரல் லோடு கார்ட்ரிட்ஜ் போட்டால் சுமார் ஒன்றரை மணி நேரத்தில் முடிவு வந்துவிடும். எல்லோருக்கும் இல்லாவிட்டாலும் கர்ப்பிணிகளுக்கும், போன தடவை கூடுதலாக வந்தவர்களுக்குமாவது அதை ஒதுக்கலாமே. கையில் இருக்கிற இயந்திரம்தானே.

சிடி4-ஐ ஒரேயடியாகத் தூக்கி எறிய வேண்டாம். புதிதாக வருபவருக்கு 200-க்குக் கீழா என்று பார்த்தே ஆக வேண்டும். இதற்கு இயந்திரமே இல்லாத, விரல் குத்தி நாற்பது நிமிடத்தில் கோடு காட்டும் பட்டை வந்திருக்கிறது.

காசநோய்க்கு ரிஃபாம்பிசின் சாப்பிடுகிறவர்களுக்கு ஒரு டிஎல்டி மாத்திரை போதாது, 12 மணி நேரம் கழித்து டோலுடெக்ராவிர் 50 தனியாக வேண்டும். அதைக் கேட்டு வாங்குங்கள். குழந்தைகளுக்குத் தண்ணீரில் கரையும் 10 மி.கி. டோலுடெக்ராவிர் தனியாக இருக்கிறது, பெரியவர் மாத்திரையை உடைத்துக் கொடுக்க வேண்டாம்.