சிறையில் மனு பார்க்க ‘அப்ரூவல்’ என்று சொல்லி எங்களிடம் 8,500 ரூபாய் பிடுங்கிவிட்டார்கள். தயவுசெய்து படியுங்கள்

உங்கள் வீட்டில் யாராவது சிறையில் இருந்தால், அவரைப் போய்ப் பார்க்க, அதாவது மனு பார்க்க, ஆன்லைனில் அனுமதி வாங்கித் தருகிறோம் என்று சொல்லிப் பணம் கேட்கும் கடைப்பக்கமே போகாதீர்கள். அந்தப் பதிவுக்கு அரசாங்கம் ஒரு ரூபாய்கூட வாங்குவதில்லை. எங்களிடம் அதற்கு 8,500 ரூபாய் வாங்கினார்கள். வாங்கிக்கொண்டு செல்லாத ஒரு தாளைக் கொடுத்து, சர்க்கரை நோயுள்ள என் அம்மாவை ராத்திரி பஸ்ஸில் சென்னைக்கு அனுப்பி, சிறை வாசலில் நிற்க வைத்தார்கள். அந்த ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை. எழுத்தில் கோபம் தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் தம்பி சென்னையில் லோடு வண்டி ஓட்டுகிறான். போன மாதம் நடந்த ஒரு அடிதடியில் அவனையும் சேர்த்துப் பிடித்து, ரிமாண்டில், அதாவது விசாரணைக் கைதியாக, புழல் சிறைக்கு அனுப்பிவிட்டார்கள். அவன் செய்தானா இல்லையா என்பதைக் கோர்ட் சொல்லட்டும், நான் அதைப் பற்றி எழுத வரவில்லை. எங்கள் ஊர் திருவண்ணாமலைப் பக்கம். எங்கள் குடும்பத்தில் இதுவரை யாரும் கோர்ட் வாசப்படி மிதித்ததில்லை. மனு எப்படிப் போடுவது, யாரிடம் கேட்பது, என்ன எடுத்துப் போவது என்று ஒன்றும் தெரியாது. வெளியில் கேட்கவும் முடியவில்லை. “தம்பி எங்க, ஊருக்கு வரலையா?” என்று கேட்பவர்களிடம் “வேலை அதிகம்” என்று சொல்லிக்கொண்டிருந்த வீடு இது.

அம்மாவுக்குத் தூக்கமே இல்லை. சாப்பிட்டானா, அடித்தார்களா, கால்வலி மாத்திரை கொடுக்கிறார்களா என்று இதே பேச்சு. ஒரு முறை கண்ணால் பார்த்துவிட்டால் போதும் என்று அழுதுகொண்டே இருந்தார். அந்த நேரத்தில்தான் பக்கத்து டவுன் பஸ் ஸ்டாண்டு அருகே உள்ள அந்தக் கடைக்குப் போனோம். ஜெராக்ஸ், பான் கார்டு, பட்டா, ரயில் டிக்கெட் என்று வாசலில் பெரிய பலகை வைத்திருக்கும் ஆன்லைன் சேவைக் கடை. அரசு இ-சேவை மையம் இல்லை, ஆனால் பார்த்தால் அப்படித்தான் தெரியும். அதே மாதிரி நிறம், அதே மாதிரி எழுத்து.

நாங்கள் ஆதார் ஜெராக்ஸ் எடுக்கத்தான் போனோம். எதற்கு என்று கேட்டார். அம்மா சொல்லிவிட்டார். உடனே அந்த ஆள் ஸ்டூலை இழுத்துப் போட்டு, “உக்காருங்கம்மா, முதல்ல தண்ணி குடிங்க” என்றார். குரலையும் தாழ்த்திக்கொண்டார். “அக்கா, இதெல்லாம் எல்லா வீட்லயும் நடக்கறதுதான். எங்க சித்தப்பா பையனும் உள்ள இருந்தான், நான்தான் எல்லாம் பாத்துக்கிட்டேன். உங்க தம்பியும் எனக்குத் தம்பி மாதிரி” என்றார். அதுவரை எங்களிடம் அப்படி ஒருவரும் பேசவில்லை. சொந்தக்காரர்களே போனை எடுக்காத சமயம் அது. தண்ணீர் கொடுத்து உட்கார வைத்து, “அழாதீங்கம்மா” என்று சொன்ன ஒருவனை நம்பாமல் யாரை நம்புவது? அந்த நம்பிக்கையைத்தான் அவன் காசாக்கினான். இனிமேல் மரியாதை கொடுத்து எழுத எனக்கு மனம் வரவில்லை.

அவன் சொன்ன கணக்கு இது. விண்ணப்பத்துக்கு 500. ‘வெரிஃபிகேஷன்’ என்று 3,000. அப்புறம் 5,000 ரூபாய் ‘செக்யூரிட்டி டெபாசிட்’, ஒரு முறை பார்த்துவிட்டு வந்ததும் திருப்பிக் கொடுத்துவிடுவார்களாம். ஆக 8,500. “சாதாரணமா போட்டா அப்ரூவல் வர்றதுக்குள்ள உங்க தம்பி பெயில்லயே வந்துடுவான்க்கா. நம்ம மூலமா போனா ரெண்டே நாள்” என்றான். அம்மா பால் சொசைட்டியில் வாங்கிய பணம் 3,500 ரூபாயை அங்கேயே எண்ணிக் கொடுத்தார். மீதி 5,000 என் போனிலிருந்து ஜிபேயில் போனது. ரசீது கேட்டேன். “கவர்மென்ட் ரசீது அப்ரூவலோட சேர்ந்து வரும்க்கா” என்றான்.

சொன்னபடி ரெண்டு நாளில் ஒரு தாள் வந்தது. கலர் பிரிண்ட். அம்மா பெயர், தம்பி பெயர், ஒரு எண், கீழே ஊதா மையில் ரப்பர் ஸ்டாம்பு. பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கொடுத்தான். அம்மா அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அன்று ராத்திரியே பஸ் ஏறினோம்.

சிறை வாசலில் அந்தத் தாளைப் பார்த்த காவலர் நல்ல மனிதர். எங்களைத் திட்டவில்லை. கம்ப்யூட்டரில் பார்க்கச் சொல்லி, கேட்டு வந்து விளக்கினார். “அம்மா, இது அனுமதிச் சீட்டு இல்ல. கோரிக்கை பதிவு பண்ணியாச்சுன்னு வர்ற சீட்டு. யார் போட்டாலும் வரும். அதுமேல இந்த ஸ்டாம்ப யார் குத்துனது?” என்றார். அடுத்து அவர் சொன்னதுதான் எனக்குத் தலையில் அடித்த மாதிரி இருந்தது. புழலில் தண்டனைக் கைதிகளுக்கு ஒரு மத்திய சிறை, விசாரணைக் கைதிகளுக்கு இன்னொன்று, பெண்களுக்குத் தனிச் சிறை என்று தனித்தனியாக இருக்கிறது. என் தம்பி ரிமாண்டில் இருப்பவன், அதனால் அவன் இருப்பது புழல் 2. அந்த ஆள் பதிவு செய்தது புழல் 1-க்கு. அப்பா பெயரையும் தப்பாக அடித்திருக்கிறான். அந்த விவரத்தில் அங்கே கைதியே இல்லை என்று கோரிக்கையை நிராகரித்துவிட்டார்கள். “ரிஜெக்ட் ஆனது எஸ்எம்எஸ் வந்திருக்குமேம்மா?” என்று கேட்டார். எங்களுக்கு எப்படி வரும்? பதிவில் இருந்தது அவனுடைய செல் நம்பர். நிராகரித்த செய்தி அவன் போனுக்குப் போயிருக்கிறது. அது தெரிந்தும் ஸ்டாம்பு குத்தி, கவரில் போட்டு, “நல்லபடியா பாத்துட்டு வாங்கம்மா” என்று வழியனுப்பினான்.

அம்மா ஒன்றும் பேசவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். உள்ளே மகன், நடுவில் ஒரு கதவு. ஊசி போட்டுவிட்டுச் சரியாகச் சாப்பிடாமல் வந்ததில் சர்க்கரை இறங்கி வியர்த்துவிட்டது. மனு பார்க்க வந்த வேறு ஒரு பெண் தன் பையிலிருந்து சர்க்கரையும் பிஸ்கட்டும் கொடுத்தார். அந்த அக்கா நன்றாக இருக்க வேண்டும்.

ஊருக்கு வந்ததும் நேராகக் கடைக்குப் போனேன். முதலில் “சர்வர் பிராப்ளம்க்கா, ஜெயில்ல அப்டேட் ஆகல” என்றான். அந்தக் காவலர் சொன்னதை வரி வரியாகச் சொன்னேன். “வாசல்ல நிக்கறவங்களுக்கு என்னக்கா தெரியும், நான் மேலிடத்துல பேசிட்டிருக்கேன்” என்றான். மறுபடி போனபோது கவுன்டரில் ஒரு சின்னப் பையன், “ஓனர் திருப்பதி போயிருக்கார்” என்றான். போன் செய்தால் எடுப்பதில்லை. வேறு நம்பரிலிருந்து செய்தால் எடுத்து, என் குரலைக் கேட்டதும் வைத்துவிடுவான். ஒரு வழியாகக் கடையில் பிடித்தபோது கதை மாறிவிட்டது. டெபாசிட் 5,000 ரூபாய் தம்பி விடுதலையான பிறகுதான் வருமாம். 3,500 ரூபாய் அரசாங்கக் கட்டணமாம், அது திரும்ப வராதாம். இன்னும் 2,000 கொடுத்தால் ‘அர்ஜென்ட்’டில் மறுபடி போடுவானாம்! 8,500 ரூபாய் விழுங்கிவிட்டு இன்னும் 2,000 கேட்கிறான்.

போலீசுக்குப் போவேன் என்றேன். சிரித்தபடி அவன் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். “போங்கக்கா. உங்க தம்பி உள்ளதான இருக்கான், யோசிச்சுக்கோங்க. அப்புறம் ஊருக்கெல்லாம் விஷயம் தெரிஞ்சா உங்க பொண்ணுக்குத்தான் கஷ்டம்.”

இதுதான் இவர்கள் தொழிலே. சிறையில் ஆள் இருக்கும் வீட்டுக்காரர்கள் வாய் திறக்க மாட்டார்கள் என்று இவர்களுக்கு நன்றாகத் தெரியும். வெளியே அவமானம், உள்ளே இருப்பவனுக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயம். ரெண்டையும் எடை போட்டுத்தான் விலை சொல்கிறார்கள். ஒரு ஜெராக்ஸ் கடைக்காரனுக்கு சிறைக்குள் என்ன செல்வாக்கு இருக்கும்? ஒன்றும் இல்லை. ஆனால் அந்த நிமிஷம் எனக்குக் குலை நடுங்கிவிட்டது.

கடைசியில் என் மகள்தான் போனை எடுத்து உட்கார்ந்தாள். காலேஜ் படிக்கும் பெண். சிறைத்துறைக்கென்று மத்திய அரசின் இ-பிரிசன்ஸ் இணையதளம் இருக்கிறது. அதில் ‘இ-முலாகாத்’ என்று கைதியைச் சந்திப்பதற்கான பகுதி. அதில்தான் பதிவு. பார்க்கப் போகிறவரின் பெயர், முகவரி, உறவு, அடையாள அட்டை எண், செல் நம்பர். அப்புறம் மாநிலம், எந்தச் சிறை, கைதியின் பெயர், அவருடைய அப்பா பெயர், வயது. நேரில் பார்க்கவா வீடியோவிலா என்றும் அதிலேயே கேட்கிறது. ஓடிபி போட்டால் பதிவு முடிந்தது. எந்த இடத்திலும் பணம் கட்டச் சொல்லும் பக்கமே வரவில்லை. அதற்குப் பிறகு சிறையில் பார்த்து அனுமதித்தால்தான் அனுமதி, அந்தச் செய்தி நாம் கொடுத்த நம்பருக்கு வரும். அவளுக்கு வந்தது. அம்மா தம்பியைப் பார்த்தார். அது என்ன பேச்சு, எவ்வளவு நேரம் என்பதெல்லாம் எங்களோடு இருக்கட்டும். அந்த 8,500 ரூபாய் வேலை சமையல்கட்டுத் திண்ணையில் உட்கார்ந்து காபி ஆறுவதற்குள் முடிந்துவிட்டது என்பதை மட்டும் சொல்கிறேன்.

இன்னொன்று. வக்கீல் வைக்கக் காசில்லை என்று அந்தக் கடைக்காரனிடமே புலம்பியிருந்தோம், அவன் அதற்கும் ‘ஆள் இருக்கு, 15,000 ஆகும்’ என்றான். காவலில் இருக்கும் எவருக்கும் இலவச வக்கீல் உண்டு என்று 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் சொல்கிறது, பிரிவு 12. மாவட்டக் கோர்ட் வளாகத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். 15100 என்ற எண்ணுக்கும் பேசலாம். எங்களுக்கு அப்படிக் கிடைத்த வக்கீல் அம்மாதான் இன்னொரு விஷயமும் சொன்னார். 1981-லேயே பிரான்சிஸ் கோரலி முல்லின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறதாம். திகார் சிறையில் இருந்த அந்தப் பெண்ணுக்குத் தன் ஐந்து வயது மகளை மாதம் ஒரு முறைதான் பார்க்க முடியும் என்று இருந்த விதி செல்லாது என்றார்கள். குடும்பத்தைப் பார்ப்பது வாழும் உரிமையில் சேர்ந்தது, அரசியலமைப்புச் சட்டத்தின் 21-ஆவது பிரிவில் வருகிறது என்று நீதிபதி பகவதி எழுதியிருக்கிறார். அதைக் கேட்டபோது எனக்குக் கோபம் இன்னும் அதிகமானது. என் அம்மாவுக்கு உரிமையாக உள்ள ஒன்றை, தான் போடும் பிச்சை மாதிரி 8,500 ரூபாய்க்கு விற்றிருக்கிறான்.

போலீசில் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்கியிருக்கிறேன். ஜிபேயில் போன 5,000-க்கு 1930 என்ற சைபர் குற்றப் புகார் எண்ணிலும் பதிந்திருக்கிறது. ரொக்கமாகக் கொடுத்த 3,500-க்கு அம்மாவின் வாய்ச்சொல் தவிர ஆதாரம் இல்லை. கடை பெயரை இப்போது போடவில்லை, வக்கீல் அம்மா வேண்டாம் என்றார். கேட்டு மெசேஜ் அனுப்ப வேண்டாம்.

எப்படி விண்ணப்பிப்பது என்று படிப்படியாக எழுதத்தான் நினைத்தேன், நேரம் இல்லை. அவசரமாக இவ்வளவுதான்: பதிவில் உங்கள் சொந்த நம்பரைத் தவிர வேறு நம்பர் போட விடாதீர்கள், ஓடிபியை யாரிடமும் சொல்லாதீர்கள். கைதி பெயரும் அப்பா பெயரும் ரிமாண்ட் காகிதத்தில் எப்படி இருக்கிறதோ அப்படியே போடுங்கள், வீட்டில் கூப்பிடும் பெயர் வேண்டாம். விசாரணைக் கைதியா தண்டனைக் கைதியா என்று பார்த்துச் சிறையைத் தேர்ந்தெடுங்கள், முக்கியமாகப் புழலில். பதிவுச் சீட்டு வேறு, அனுமதி வேறு. அனுமதிச் செய்தி வராமல் பஸ் ஏறாதீர்கள். பார்க்கும் நாளும் நேரமும் சிறைக்குச் சிறை மாறும், போன் செய்து கேட்டுவிட்டுப் போங்கள். அசல் அடையாள அட்டை கையில் இருக்கட்டும். டெபாசிட் என்று எவன் சொன்னாலும் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். சர்க்கரை உள்ளவர்களைக் கூட்டிப் போனால் சாப்பிட ஏதாவது எடுத்துப் போங்கள்.

நாளைக்குத் தம்பிக்கு வாய்தா. விடியற்காலை பஸ், கிளம்ப வேண்டும். இதே மாதிரி கடையில் ஏமாந்தவர்கள் திருவண்ணாமலைப் பக்கம் யாராவது இருந்தால் நீங்களும் புகார் கொடுங்கள். தனியாகப் போகப் பயமாக இருந்தால் சொல்லுங்கள், நானும் கூட வருகிறேன்.