குழாயா, குப்பியா, ஸ்கேனா: செட்டிநாட்டு வீட்டிலிருந்து ஒரு கணக்கு

குடல் புற்று இருக்கிறதா என்று ஆசனவாய் வழியே கேமராக் குழாய் விட்டுப் பார்க்கும் சோதனைதான் கொலனோஸ்கோப்பி, சுருக்கமாக ஸ்கோப். காரைக்குடிப் பக்கம் அதைப் பற்றி வாயெடுத்தால் முதல் கேள்வி, "குடல் ஓட்டையாயிருமாமே?" அடுத்த கேள்வி, "ஸ்கேன் எடுத்தாப் போதாதா?" இரண்டும் நியாயமான கேள்விகள்தான். பதில் சொல்பவர்கள் அறைக்குள் நடக்கும் அரை மணி நேரத்தோடு நிறுத்திக்கொள்கிறார்கள் என்பதுதான் என் குறை. முந்தின நாள் ராத்திரியையும் பிந்தின இரண்டு வாரத்தையும் சேர்த்துக் கணக்குப் போட்டால், எது யாருக்குத் தோது என்ற பதிலே மாறிப்போகிறது.

முதலில் ஓட்டை. அமெரிக்காவின் நோய்த்தடுப்புப் பரிந்துரைக் குழு 2021ல் ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தது. தொந்தரவு எதுவும் இல்லாத 10,000 பேருக்கு ஸ்கோப் பார்த்தால் ஏறக்குறைய 3 பேருக்குக் குடலில் துளை, 15 பேருக்குப் பெரிய ரத்தப்போக்கு. மலப் பரிசோதனையில் ரத்தம் தெரிந்து அதன்பின் ஸ்கோப்புக்கு வருகிறவர்களுக்கு இது கொஞ்சம் கூடும்: துளை 5, ரத்தப்போக்கு 17, 18. அவர்களிடம் வெட்டி எடுக்க வேண்டிய பாலிப் (குடல் சுவரில் முளைக்கும், பின்னால் புற்றாகக்கூடிய சிறு சதைவளர்ச்சி) அதிகம் இருப்பதுதான் காரணம். போலந்து, நார்வே, ஸ்வீடன் நாடுகளில் நடந்து 2022ல் வெளிவந்த பெரிய ஆய்வில் ஏறக்குறைய 12,000 பேருக்கு ஸ்கோப் பார்த்தார்கள். ஒருவருக்குக்கூட 30 நாளுக்குள் துளை விழவில்லை. பாலிப் எடுத்த இடத்தில் பெரிதாக ரத்தம் போனது 15 பேருக்கு.

ஆக, ஊர் பயப்படுவது துளைக்கு. அதிகம் நடப்பது ரத்தப்போக்கு. துளை விழுந்தால் பெரும்பாலும் ஓரிரு நாளில் தெரிந்துவிடும். வயிறு கல்லாக இறுகும், வலி தாங்க முடியாது, காய்ச்சல் வரும். கருவி உள்ளே இருக்கும்போதே கண்ணில் பட்டால் கிளிப் போட்டு அடைத்துவிடுவதும் உண்டு. ரத்தப்போக்கு அப்படியில்லை. பாலிப்பை வெட்டிய புண்ணின் பொருக்கு உதிரும்போது, ஒரு வாரம் பத்து நாள் கழித்துக்கூட, திடீரென்று தொடங்கும்.

எங்கள் அம்மானுக்கு அப்படித்தான் ஆயிற்று. இதயத்தில் ஸ்டென்ட் வைத்தவர். பிள்ளைகள் பத்து நாள் லீவில் வந்தார்கள், வந்த கையோடு ஸ்கோப் பார்த்து ஒரு பாலிப்பை எடுத்தாயிற்று. எல்லாம் நல்லபடி முடிந்தது என்று திருச்சியில் விமானம் ஏறிவிட்டார்கள். ஒன்பதாம் நாள் ராத்திரி கொல்லைப்புறம் போனவர் சிவப்பாகப் பார்த்திருக்கிறார். மூலமாகத்தான் இருக்கும் என்று சொல்லாமல் வந்து படுத்துவிட்டார். காலையில் தலைசுற்றி உட்கார்ந்த பிறகுதான் அயித்தைக்கே தெரிந்தது. மறுபடி ஸ்கோப் விட்டுக் கிளிப் போட்டு, ரத்தம் ஏற்றி, பிழைத்தார். டிஸ்சார்ஜ் தாளில் இதற்கான எச்சரிக்கை இருந்தது, கடைசி வரியில், இங்கிலீஷில். அந்த மருத்துவமனையில் யாரும் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை. அதனால், வெளிநாட்டிலிருந்து வருகிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்வேன்: ஸ்கோப் பார்ப்பதானால் வந்த மறுநாளே பாருங்கள், அப்புறம் இரண்டு வாரம் கூட இருங்கள். முடியாவிட்டால் பக்கத்தில் ஒருவரையாவது வையுங்கள். தைப்பூசத்துக்குப் பழனி நடக்கிற ஆள் என்றால், பாலிப் எடுத்த சூட்டோடு காவடியைத் தூக்க வேண்டாம்.

இனி முந்தின ராத்திரி. குடலைக் கழுவ இரண்டிலிருந்து நான்கு லிட்டர் வரை பேதி மருந்துக் கரைசல் குடிக்க வேண்டும். பாதி மாலையில், மீதி விடியற்காலையில் குடித்தால்தான் குடல் நன்றாகச் சுத்தமாகும். எங்கள் வளவு வீடுகள் முன்தெருவில் தொடங்கிப் பின்தெருவில் முடிபவை. கழிப்பறை இருப்பதோ கடைசிக் கட்டில். எழுபது வயதுக்காரர் வெறும் வயிற்றோடு, உப்புச்சத்தும் நீர்ச்சத்தும் குறைந்து, இருட்டில் முற்றத்துப் படிகளைத் தாண்டி இருபது தடவை ஓடுவதை நினைத்துப் பாருங்கள். அங்கே விழுந்து இடுப்பெலும்பு முறிந்தால், அது ஸ்கோப் புள்ளிவிவரத்தில் பொதுவாக வராது. அன்றைக்கு மட்டும் கட்டிலைப் பின்கட்டுக்கு மாற்றுங்கள், விளக்கை எரியவிடுங்கள். மதுரைக்கோ திருச்சிக்கோ போய்ப் பார்ப்பதானால், விடியற்கால மருந்தைக் குடித்துவிட்டு இரண்டு மணி நேரம் காரில் உட்கார முடியாது. முந்தின நாளே அங்கே அறை எடுப்பது நல்லது.

மருந்திலும் வித்தியாசம் உண்டு. சிறுநீரகம், இதயம் பழுதானவர்களுக்குப் பாலிஎத்திலீன் கிளைக்கால் கரைசல்தான் பாதுகாப்பு. அளவு குறைவாக இருக்கிறதே என்று விரும்பப்பட்ட சோடியம் பாஸ்பேட் மருந்து சிறுநீரகத்தைக் கெடுக்கும் என்று 2008லேயே அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை எச்சரித்தது. மானிட்டால் என்ற இன்னொரு பேதி மருந்தைக் கொடுத்தால், குடல் கிருமிகள் அதைத் தின்று ஹைட்ரஜன் வாயுவை உண்டாக்கும். மின்சூடு வைத்துப் பாலிப் எடுக்கும்போது அது வெடிக்கவே செய்யலாம், மிக அரிதாக. உங்களுக்குக் கொடுப்பது எது என்று கேளுங்கள், கேட்பதில் தப்பில்லை. சர்க்கரை மாத்திரையையும் ரத்தம் கரைக்கும் மாத்திரையையும் நீங்களாக நிறுத்த வேண்டாம். ஸ்டென்ட் வைத்தவர்கள் இதய டாக்டரைக் கேட்காமல் நிறுத்தினால், ஸ்கோப்பைவிட அதுவே பெரிய ஆபத்து. சாப்பாட்டில், ஸ்கோப்புக்கு முந்தின இரண்டு மூன்று நாள் கவுனி அரிசி வேண்டாம். நிறமும் உமிச்சத்தும் உள்ளேயே நின்றுவிடும். மிளகாய் விதை, கசகசா, கொய்யா விதையும் அப்படியே. இட்லி, வெள்ளைச் சோறு, தயிர் போதும்.

மயக்க ஊசியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. மூச்சுக் குறைவது, ரத்த அழுத்தம் இறங்குவது போன்றவை வரும், அதைப் பார்த்துக்கொள்ள ஆளும் கருவியும் இருக்க வேண்டும். குறட்டையோடு மூச்சு நிற்பவர்கள் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். 24 மணி நேரம் வண்டி ஓட்டக் கூடாது, பத்திரத்தில் கையெழுத்துப் போடக் கூடாது. பங்கு வீட்டு வழக்கு உள்ளவர்கள் இரண்டாவதைக் குறித்துக்கொள்ளுங்கள்!

சரி, போட்டியாளர்களுக்கு வருவோம்.

ஸ்கேன் என்று கேட்பவர்கள் நினைப்பது சி.டி. கொலனோகிராபி. ஆசனவாய் வழியே வாயு ஏற்றிப் படம் எடுப்பார்கள். பொதுவாக மயக்கம் தேவையில்லை, துளை விழுவது ஸ்கோப்பைவிடக் குறைவு. ஆனால் பேதி மருந்திலிருந்து தப்ப முடியாது, அந்த ராத்திரி ஓட்டம் அப்படியே இருக்கிறது. பாலிப் தெரிந்தாலோ வெட்ட முடியாது, மறுபடி ஸ்கோப்தான், பல இடங்களில் மறுபடி பேதியும். போதாததற்கு, சிறுநீரகத்தில் நீர்க்கட்டி, ஈரலில் புள்ளி என்று கேட்காத செய்தியும் கூடவே வரும், அதைத் துரத்திக்கொண்டு இன்னும் நாலு டெஸ்ட். கொஞ்சம் கதிர்வீச்சும் உண்டு. இதய, நுரையீரல் கோளாறால் மயக்க மருந்து ஆகாதவர்களுக்கும், கருவி முழுதும் உள்ளே போகாதவர்களுக்கும் இது கைகொடுக்கும். மற்றவர்களுக்கு இரண்டு செலவு.

சிறிய ஸ்கோப்பான சிக்மாய்டோஸ்கோப்பிக்கு எனிமா போதும், துளையும் அரிதிலும் அரிது. குடலின் இடப்பக்கத்தை மட்டும் பார்க்கும், வலப்பக்கத்தில் இருப்பது தப்பிவிடும்.

எனக்குப் பிடித்தது குப்பிதான். மலத்தில் மனித ரத்தம் கலந்திருக்கிறதா என்று பார்க்கும் ஃபிட் பரிசோதனை. வீட்டிலேயே சிறு குச்சியால் தொட்டுக் குப்பியில் போட்டுக் கொடுத்தால் முடிந்தது. பத்தியம் இல்லை, ஆட்டுக்கறிக் குழம்பு சாப்பிட்டிருந்தாலும் குழம்பாது. உடம்புக்கு நேரடி ஆபத்து எதுவும் கிடையாது. குறை வேறு இடத்தில் இருக்கிறது. ஒரு தடவை பார்த்தால் புற்றுநோய் நான்கில் ஏறக்குறைய மூன்றைக் கண்டுபிடிக்கும், பெரிய பாலிப்பில் நான்கில் ஒன்றைத்தான் பிடிக்கும். எனவே வருஷம் தவறாமல், குறைந்தது இரண்டு வருஷத்துக்கொரு முறையாவது, செய்தால்தான் பலன். ஸ்பெயினில் 57,000 பேருக்கும் மேல் சேர்த்து, 2025ல் வெளியான ஆய்வில், இரண்டு வருஷத்துக்கொரு குப்பியும் ஒரே ஒரு ஸ்கோப்பும் பத்தாண்டில் குடல் புற்று மரணத்தைத் தடுப்பதில் ஏறக்குறைய ஒரே நிலையில் நின்றன. பாசிட்டிவ் வந்தால் ஸ்கோப் பார்த்தே ஆகவேண்டும். பயந்து அப்போது ஒதுங்கினால் குப்பி வெறும் குப்பைதான்.

எங்கள் ஊருக்கே உரிய சிக்கல் ஒன்றும் உண்டு. வெயிலில் கிடந்தால் மாதிரியில் உள்ள ரத்தம் சிதைந்து பொய் நெகட்டிவ் வரும். கத்திரி வெயிலில் ஸ்கூட்டர் பெட்டிக்குள் மத்தியானம் வரை வைத்திருந்து கொடுத்த குப்பியை நான் நம்பமாட்டேன்.

இத்தனையும் தொந்தரவு இல்லாதவர்களுக்கு. மலத்தில் ரத்தம், காரணமில்லாத ரத்தசோகை, எடைக்குறைவு, மலம் போகும் வழக்கத்தில் மாறுதல் என்று ஏதாவது இருந்தாலோ, பெற்ற அப்பச்சிக்கோ ஆத்தாளுக்கோ கூடப்பிறந்தவருக்கோ குடல் புற்று இருந்தாலோ, குப்பியோடு நின்றுவிடாமல் டாக்டரிடம் நேரே போய் ஸ்கோப் பற்றிப் பேசுங்கள். "மூலம்" என்று விளம்பரப் பலகை பார்த்துக் களிம்பு வாங்கி வருஷக்கணக்கில் தடவுபவர்களை நிறையப் பார்த்துவிட்டேன். 75 வயதுக்கு மேல், ஒன்றுமில்லாதவருக்கு வழக்கச் சோதனையாக ஸ்கோப் பார்ப்பதில் ஆபத்து ஏறிக்கொண்டே போகும், பலன் இறங்கிக்கொண்டே வரும். பிள்ளைகளின் மனநிம்மதிக்காக 82 வயது ஐயாவைப் பேதி குடிக்க வைக்காதீர்கள்.

அம்மான் விஷயத்துக்குப் பிறகு அயித்தை ஸ்கோப்புக்குச் சம்மதிக்கவில்லை, தொந்தரவும் இல்லை, குடும்பத்திலும் யாருக்கும் இல்லை. குப்பி வாங்கிக் கொடுத்தேன். ஃபிரிட்ஜில் வையுங்கள் என்றேன். "தயிர்ச்சட்டி பக்கத்திலயா?" என்று கேட்ட பார்வையில் அந்தப் பேச்சே முடிந்தது. மறுநாள் காலை ஆறரை மணிக்கு என்னை எழுப்பி, மஞ்சப்பையில் சுற்றிய குப்பியைக் கையில் திணித்து, லேப் திறக்கிறவரை வாசலிலேயே நிற்கச் சொன்னார்கள். நின்றேன்.