ஷின்ஜுகு சுஎஹிரோதெய்: ஆங்கிலம் மட்டும் தெரிந்தால் இங்கே சிரிப்பு வருமா?

டோக்கியோவில் ஆண்டு முழுக்க ரகுகோ என்னும் நகைச்சுவைக் கதைசொல்லல் நடக்கும் அரங்குகள் நான்கு. கட்டடத்தின் அழகுக்காகவே போக வேண்டியது 1946-ல் எழுந்த இந்த மர அரங்கு. நிகழ்ச்சி ஜப்பானிய மொழியில் மட்டும்தான். இருந்தாலும், ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர்களையும் துணிந்து போகச் சொல்வேன். கொஞ்சம் தயாரிப்பு வேண்டும், அவ்வளவுதான்.

ரகுகோவில் ஒரே ஆள் மெத்தையில் மண்டியிட்டு உட்கார்ந்து, ஒரு விசிறியும் ஒரு கைத்துண்டும் வைத்துக்கொண்டு முழுக் கதையும் சொல்வார். முதலில் வருவது 'மகுரா' என்னும் முன்னுரை. சிலேடைகள் கொட்டுவது பெரும்பாலும் அதில்தான். மொழி தெரியாதவர்கள் கோட்டைவிடுவதும் அங்கேதான். "ஃபுதொன் கா ஃபுத்தொந்தா" என்றால் படுக்கை பறந்துபோனது என்று அர்த்தம். ஒலி போனால் அதில் சிரிக்க ஒன்றுமில்லை. இதை மொழிபெயர்த்துப் புரிந்துகொள்ள மெனக்கெட வேண்டாம், விட்டுவிடுங்கள். கலைஞரின் மேலங்கி தோளிலிருந்து நழுவும்போது கவனியுங்கள்: பெரும்பாலும் கதை தொடங்கிவிட்டது என்று பொருள்.

குறை என்றால் ஒன்று சொல்லலாம். நிகழ்ச்சி நிரலில் கலைஞர் பெயர் இருக்கும், கதையின் பெயர் இருக்காது. கூட்டத்தைப் பார்த்த பிறகுதான் அவர் கதையைத் தேர்ந்தெடுப்பார். அதனால் அடிக்கடி சொல்லப்படும் நாலைந்து கதைகளை முன்கூட்டியே ஆங்கிலத்தில் படித்துவிட்டுப் போவது நல்லது. முதலில் படிக்க வேண்டியது 'தொகி சொபா'.

அதில் ஒருவன் நள்ளிரவில் நூடுல்ஸ் சாப்பிடுகிறான். விலை 16 மொன், அதாவது அந்தக் காலத்துக் காசு பதினாறு. காசுகளை ஒவ்வொன்றாக எண்ணி வைக்கிறான். எட்டு வந்ததும், "இப்போ மணி என்ன?" என்கிறான். "ஒன்பது" என்கிறார் கடைக்காரர். அவன் நிறுத்தாமல் "பத்து, பதினொன்று" என்று முடித்துவிடுகிறான். ஒரு காசு லாபம்! இதைப் பார்த்த அசடு ஒருவன் மறுநாள் ஆவல் தாங்காமல் சற்று முன்னதாகவே போய் அதே கேள்வியைக் கேட்கிறான். "நான்கு" என்று பதில் வருகிறது. அவனும் "ஐந்து, ஆறு" என்று தொடர்ந்து, நான்கு காசு அதிகம் கொடுத்துவிட்டுப் போகிறான்.

முன்னதாகப் போனால் எப்படி நான்கு? கதை நடக்கும் பழைய எடோ காலத்து ஜப்பானில் நள்ளிரவும் நண்பகலும் ஒன்பது மணி. அங்கிருந்து எட்டு, ஏழு என்று இறங்கி நான்கு வரை வந்து, மீண்டும் ஒன்பதுக்குத் தாவும். ஆகவே நள்ளிரவுக்குச் சற்று முன் நான்கு மணிதான். இது தெரியாவிட்டால் ஆங்கிலத்தில் எத்தனை அழகாகச் சொன்னாலும் முடிவு விளங்காது. தெரிந்துவிட்டால் ஜப்பானிய மொழியில் கேட்டாலே போதும்; எண்ணிக்கை எங்கே தடுமாறுகிறது என்று காதே சொல்லிவிடும். எண்ணை வைத்துப் பின்னிய விளையாட்டு மொழி தாண்டும், ஒலியை வைத்துப் பின்னியது தாண்டாது. ரகுகோ கலைஞர் கட்சுரா ஷிஜாகு 1983-ல் ஆங்கிலத்தில் ரகுகோ சொல்லத் தொடங்கியதிலிருந்து அந்த வழியில் வரும் நிகழ்ச்சிகளுக்கும் இதே அளவுகோல்தான்.

அரங்கின் இருபுறமும் தத்தாமி என்னும் பாய் விரித்த, தரையில் உட்காரும் இடங்கள் உண்டு. பார்க்க அழகு, முழங்காலுக்குச் சோதனை. நடுவில் உள்ள நாற்காலியே மேல். கலைஞர் ஒரு பாத்திரத்துக்கு வலப்பக்கமும் இன்னொன்றுக்கு இடப்பக்கமும் முகம் திருப்பித்தான் யார் பேசுகிறார்கள் என்று காட்டுவார். பக்கவாட்டில் உட்கார்ந்தால் அந்தத் திருப்பம் சரியாகப் பிடிபடாது. மூடிய விசிறியைச் சாப்ஸ்டிக் ஆக்கி, இல்லாத நூடுல்ஸை உறிஞ்சும் அந்தச் சத்தத்துக்கு மட்டும் எந்த இடமானாலும் சரி.