டி33-ஆ டி34-ஆ டி35-ஆ: ஃப்ராஸ்ட்பைட் கோடிங்ல எது நேர்மையா இருக்கு

சென்னைல உக்காந்து அமெரிக்க எமர்ஜென்சி சார்ட் கோட் பண்றவங்களுக்கு, அதாவது டாக்டர் எழுதின குறிப்பைப் படிச்சு நோய்க்கு கோடு எண் போடறவங்களுக்குத் தெரியும், டிசம்பர் பாதி தாண்டினா மினசோட்டா, விஸ்கான்சின், சிகாகோ பக்கமிருந்து ஃப்ராஸ்ட்பைட் (பனிக்கடி, கடுங்குளிர்ல திசு உறைஞ்சு போறது) கேஸ் வரிசையா வர ஆரம்பிச்சிடும், மார்ச் வரைக்கும் ஓயாது. வெளில நமக்கு மார்கழிக் குளிரே பெருசு, ஸ்கிரீன்ல ஒருத்தருக்கு கால் விரல் உறைஞ்சு போயிருக்கும். எங்க டீம்ல வருஷா வருஷம் இதுல வர்ற சண்டை ஒண்ணேதான், டி33 (மேலோட்டமான பனிக்கடி) போடணுமா டி34 (திசு செத்துப் போன பனிக்கடி) போடணுமான்னு. அதைப் பத்திதான் எழுதறேன், கூடவே நோய்களுக்கு கோடு குடுக்கற ஐசிடி பட்டியல்கள்ல பழைய ஐசிடி-9, உலக சுகாதார நிறுவனத்தோட ஒரிஜினல் ஐசிடி-10, புது ஐசிடி-11 எல்லாத்தையும் பக்கத்துல வச்சுப் பாக்கலாம்.

முதல்ல பழசு. 2015 செப்டம்பர் 30 வரைக்கும் அமெரிக்கால ஓடினது ஐசிடி-9-சிஎம் (சிஎம்னா அமெரிக்க வெர்ஷன்). ஃப்ராஸ்ட்பைட்டுக்கு மொத்தமே நாலு கோடு. 991.0 முகம், 991.1 கை, 991.2 பாதம், 991.3 மத்த இடம். அவ்ளோதான். வலதா இடதான்னு கேக்காது, எவ்ளோ ஆழம்னு கேக்காது. ஒரு கொப்புளத்தோட வீட்டுக்குப் போனவரும், அஞ்சு விரலும் கருத்துப் போனவரும் ஒரே 991.2-ல உக்காந்திருந்தாங்க. வேலை சுலபம்தான், ஆனா அந்த டேட்டாவை வச்சு யாருக்கு எவ்ளோ மோசமா இருந்துச்சுன்னு எவராலயும் சொல்ல முடியாது. ஒண்ணு மட்டும் அதுக்கு ஆதரவா சொல்வேன், தெரியாத ஆழத்தை தெரிஞ்ச மாதிரி அது காட்டிக்கல.

2015 அக்டோபர் 1-ல ஐசிடி-10-சிஎம் வந்தது, இடம் விஷயத்துல நல்லா முன்னேறிடுச்சு. வலது காது, இடது காது, மூக்கு, மணிக்கட்டு, கை, கை விரல், கணுக்கால், பாதம், கால் விரல் எல்லாம் தனித்தனி. வலது கால் விரல் சூப்பர்ஃபிஷியல்னா, அதாவது மேலோட்டம்னா டி33.831ஏ (கடைசி ஏ பத்தி கீழ சொல்றேன்), திசு செத்துப் போயிருந்தா டி34.831ஏ. ரெண்டு காலும்னா இடதுக்கு 832 தனியா போடணும், பைலேட்டரல்னு ஒரே கோடு கிடையாது. ஹைப்போதெர்மியாவும் (உடம்புச் சூடு ரொம்பக் குறையறது) சேந்து இருந்தா டி68-ஐயும் போடலாம், அங்க இருக்கறது ரெண்டையும் சேத்துப் போட விடற எக்ஸ்க்ளூட்ஸ்2 குறிப்புதான், தடை இல்ல. புதுசா சேர்றவங்க இதுல நிறைய பேர் ஒண்ண விட்டுடறாங்க, விடாதீங்க.

இப்ப சண்டைக்கு வரேன். டி33-ன்னா மேலோட்டமானது, தோல் பாதி ஆழம் வரைக்கும் போனதும் இதுலதான் அடங்கும்னு கீழ இன்க்ளூட்ஸ் நோட்லயே இருக்கு. டி34-ன்னா டிஷ்யூ நெக்ரோசிஸ், திசு செத்துப் போறது. படிச்சா தெளிவாத்தான் இருக்கு, ஆனா சார்ட்ல டாக்டர் என்ன எழுதறார்? ரெண்டு கால் விரல்லயும் ஃப்ராஸ்ட்பைட், ரத்தக் கொப்புளம் இருக்கு, வெதுவெதுப்பான தண்ணில சூடேத்தினோம், பர்ன் கிளினிக்ல ஃபாலோ-அப், இவ்ளோதான் எழுதறார். நெக்ரோசிஸ்ங்கற வார்த்தை எங்கயும் இல்ல. எனக்கு இப்படி ஒண்ணு வந்தப்ப டி33 போட்டேன், ரத்தக் கொப்புளம்னா ஆழமாப் போயிருக்குன்னு அர்த்தம், டி34-தான் வரணும்னு ஆடிட்ல எர்ரர் குடுத்தாங்க. மருத்துவமா பாத்தா அவங்க சொன்னது தப்பில்ல, தெளிஞ்ச நீர் இருக்கற கொப்புளத்தை விட ரத்தக் கொப்புளம் மோசமான அறிகுறிதான். ஆனா நோயோட ஆழத்தை முடிவு பண்றது கோடர் வேலை இல்ல, டாக்டர் எழுதாததை நாம எழுதக் கூடாது. கருப்பா இருக்கு, டீப், தேர்ட் டிகிரி இப்படி மட்டும் இருந்தா டாக்டருக்கு குவெரி போட்டு கேக்கணும், கேக்க வழி இல்லாத ப்ராஜெக்ட்னா கோடு புத்தகத்தோட அகரவரிசை இன்டெக்ஸ் எங்க கொண்டு போகுதோ அங்கதான் நிக்கணும். ஆடிட்டுக்கு ரீபட்டல் (மறுப்பு) போட்டேன், பாயிண்ட் திரும்ப வந்துச்சு.

ஆனா ஜெயிச்சப்புறமும் மனசுக்கு ஒப்பல. ஏன்னா இன்டெக்ஸ்ல ஃப்ராஸ்ட்பைட்னு தேடினா பக்கத்துலயே அடைப்புக்குறிக்குள்ள சூப்பர்ஃபிஷியல்னு இருக்கும், அந்த வார்த்தை சார்ட்ல இருந்தாலும் இல்லாட்டியும் டி33-க்குத்தான் போகும். அதாவது டாக்டர் ஆழம் எழுதலைன்னா அது மேலோட்டம்னு ஆயிடுது. தெரியலைங்கறது லேசு-ன்னு மாறிடுது. இந்த ஒரு எடத்துலதான் எனக்கு அமெரிக்க வெர்ஷன் மேல வருத்தம்.

உலக சுகாதார நிறுவனத்தோட ஐசிடி-10-ஐ எடுத்துப் பாருங்க, அங்க டி33, டி34-க்கு அப்புறம் டி35-ன்னு ஒண்ணு இருக்கு. அதுல டி35.4 மேல் உறுப்பு, டி35.5 கீழ் உறுப்பு, ஆழம் குறிப்பிடலைன்னு வெளிப்படையா சொல்ல இடம் இருக்கு. அமெரிக்கா தனக்குன்னு மாத்தி எழுதினப்ப இந்த டி35-ஐ வச்சுக்கல. டி35-லயும் குறை உண்டு, மறைக்கல. உடம்புல பல பகுதில நெக்ரோசிஸ் இருந்தா எல்லாத்தையும் டி35.1-னு ஒரே கோட்டுல அடைச்சிடலாம், எந்தக் கை எந்தக் கால்னு போயிடும். அந்த விஷயத்துல ஒவ்வொண்ணாப் பிரிச்சு எழுத வைக்கற அமெரிக்க முறைதான் மேல். இடத்துக்கு அமெரிக்கா, ஆழத்துக்கு உலக சுகாதார நிறுவனம், இதுதான் என் கணக்கு.

ஐசிடி-11, 2022 ஜனவரி 1-லேருந்து நடைமுறைல இருக்கு, அதுலயும் என்இ40 மேலோட்டம், என்இ41 நெக்ரோசிஸ்னு இருக்கு, வலது இடதை எக்ஸ்டென்ஷன் கோடா பின்னாடி ஒட்டிக்கலாம். அமைப்பு நல்லாயிருக்கு, மேலோட்டமா நெக்ரோசிஸான்னு கேக்கற அடிப்படைக் கேள்வி மாறல.

தீக்காயத்தோட ஒப்பிட்டா இன்னும் நல்லாப் புரியும். பர்ன் கோடுல ஃபர்ஸ்ட், செகண்ட், தேர்ட் டிகிரி தனித்தனி, கட்டை விரலா ஒத்தை விரலா பல விரலான்னு கூட கேக்கும், உடம்புல எத்தனை சதவீதம்னு டி31 வேற இருக்கு. ஃப்ராஸ்ட்பைட்டுக்கு விரல் அல்லது விரல்கள், அதோட முடிஞ்சது. ஒரு நுனி போனாலும் அஞ்சும் போனாலும் டி34.531ஏ-தான். பிரான்ஸ்ல ஷாமோனில இருந்த இம்மானுவேல் கோஷின்னு டாக்டர், 2001-ல ஒரு நாலு கிரேட் முறை சொன்னார், சூடேத்தினதும் நிற மாற்றம் விரல்ல எவ்ளோ தூரம் மேல ஏறியிருக்குன்னு பாத்து, எந்த அளவுக்கு வெட்ட வேண்டி வரும்னு முதல் நாளே கணிக்கறது. மலையேறிகளைப் பாக்கற டாக்டர்களுக்கு அது ரொம்ப உதவுது, ஆனா அந்த கிரேடைச் சொல்ல எந்த ஐசிடிலயும் இடம் இல்ல. 2024 பிப்ரவரில அமெரிக்க மருந்து அனுமதி அமைப்பான எஃப்டிஏ, ஐலோப்ராஸ்ட் மருந்தை கடுமையான ஃப்ராஸ்ட்பைட்டுக்கு, விரல் வெட்ட வேண்டி வர்றதைக் குறைக்க, அனுமதிச்சிருக்கு. இப்பதான் கடுமையானது எது, லேசானது எதுன்னு முதல் நாள் ரெக்கார்டுல தெரிய வேண்டியது முன்னெப்பவும் விட முக்கியம்.

பனிக்கடி மாதிரியே தெரியற மத்த ரெண்டையும் சொல்லிடறேன், இதுல குழப்பிக்கறவங்க ஜாஸ்தி. ஈர ஷூவுல நாள் கணக்கா நின்னு கால் வெளுத்து மரத்துப் போனது இம்மெர்ஷன் ஃபுட், வலது கால்னா டி69.021ஏ. குளிர்ல சிவந்து அரிக்கற வீக்கம் சில்ப்ளெயின்ஸ், டி69.1எக்ஸ்எக்ஸ்ஏ. ரெண்டுலயும் திசு உறையறது கிடையாது, அதனால டி33 பக்கமே போகக் கூடாது. வெளிக் காரணம் இயற்கைக் குளிர்னா எக்ஸ்31, ட்ரை ஐஸ் பட்டதுன்னா டபிள்யூ93.01.

கடைசியா கோடோட ஏழாவது எழுத்து. ஏ-ன்னா சிகிச்சை நடக்குது, டி (இது D, முன்னாடி வர்ற T இல்ல) ஆறிட்டு வர்ற கட்டம், எஸ் பின்விளைவு. அமெரிக்க சர்ஜன்கள் கிட்ட ஒரு பேச்சு உண்டு, ஜனவரில உறைஞ்சா ஜூலைல வெட்டுன்னு. எது உயிரோட இருக்கு எது செத்துச்சுன்னு எல்லை பிரிஞ்சு தெரிய வாரக்கணக்கு, மாசக்கணக்கு ஆகும், அதனால அவசரப்பட்டு வெட்ட மாட்டாங்க. ஜனவரில டி33 போட்ட அதே பேஷண்ட் ஏப்ரல்ல வர்றார், டாக்டர் இப்ப நெக்ரோசிஸ்னு தெளிவா எழுதறார், வலது கால் விரலை விரல் மூட்டுல வெட்டறாங்க, அந்த ஆபரேஷனுக்கான கோடு சிபிடி 28825. மூணு மாசம் ஆச்சேன்னு ஏழாவது எழுத்தா டி (D) போட்டுடாதீங்க, வெட்டறதும் ஆக்டிவ் ட்ரீட்மென்ட்தான், டி34.831ஏ. பழைய சார்ட்டைப் பாத்து டி33-ஐ காப்பி பண்ணினா மேலோட்டமான காயத்துக்கு எதுக்கு விரலை எடுத்தீங்கன்னு இன்சூரன்ஸ் கேக்கும். சிகிச்சை முடிஞ்சு ஆறிட்டு இருக்கறப்ப வர்ற விசிட்டுக்கு டி (D), வருஷம் கழிச்சு குளிர் பட்டா வலிக்குதுன்னு வந்தா முதல்ல அந்த வலி, அப்புறம் டி34.831எஸ், கூட விரல் இல்லாததுக்கு இசட்89.421, பெருவிரலா இருந்தா இசட்89.411. ஜனவரி சார்ட்டை மட்டும் திரும்பத் திறந்து மாத்த முடியாது, அன்னிக்கு டாக்டர் எழுதினதுக்கு அன்னிக்குப் போட்ட கோடு, விரல் போனவரோட முதல் ரெக்கார்டு இன்னிக்கும் டி33-னே இருக்கு.